பெயரற்ற கோவையும் எரிந்த கோவையும்

ஓர் ஆவணம் இரண்டு வழிகளில் அழியலாம். எரிந்து சாம்பராகி அழிவது ஒரு வழி. எங்கேயோ இருந்துகொண்டே எவர் கைக்கும் அகப்படாமற் போவது மற்றைய வழி. முதலாவது அழிவைப் பற்றி ஈழத்துத் தமிழராகிய நாம் நிறையவே பேசியிருக்கின்றோம். பேச வேண்டிய கடப்பாடும் எமக்கு உண்டு. 1981ஆம் ஆண்டு மே 31ஆம் திகதி இரவு மூட்டப்பட்ட தீயில் யாழ்ப்பாணப் பொதுநூலகத்தின் ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன. அதே நாட்களில் ஈழநாடு பத்திரிகைக் காரியாலயமும் தீக்கிரையாயிற்று. ஆண்டுதோறும் அந்நாளை நினைவுகூருகின்றோம், கவிதை எழுதுகின்றோம், கருத்தரங்கு வைக்கின்றோம்.

இரண்டாவது அழிவைப் பற்றியோ நாம் வாய் திறப்பதில்லை. அதற்குப் புகை இல்லை, சாம்பல் இல்லை, சுட்டிக்காட்டுதற்கு வெளியே ஓர் எதிரியும் இல்லை. எண்ணிமப்படுத்தல் என்னும் பெயரில் இன்று ஊர்தோறும் நடைபெற்றுவரும் வேலையிற் கணிசமான பகுதி இந்த இரண்டாவது அழிவுக்கே வழிகோலுகின்றது என்பதும், கோவைக்குப் பெயரிடுதல் கடைநிலை எழுதுவினைஞரிடம் தள்ளிவிடத்தக்க சில்லறை வேலையன்று, விடயம் அறிந்தோர் தம் வாழ்நாளிலேயே செய்து முடிக்க வேண்டிய அறிவுப்பணி என்பதும் இக்கட்டுரையின் வாதமாகும்.

முதலிற் சொல்லையே நோக்குவோம். எமது அரச அலுவலகங்களிற் 'கோவை' என்கின்றோம். கணினியிற் 'கோப்பு' என்கின்றோம். இரண்டும் கோத்தல் என்னும் வினையடியாகப் பிறந்தவை. துளையிட்ட ஏடுகளை ஒரு கயிற்றிற் கோத்துக் கட்டியவனுக்கு இச்சொற்களின் பொருள் விளங்கும். எதனோடும் கோக்கப்படாத தாள் கோவையாகாது. பெயரே அக்கயிறு.

பண்டத்தரிப்பிலும் அதனை அடுத்த ஊர்களிலும் இன்று காணப்படும் நிலைமை எத்தகையது? ஒரு சனசமூக நிலையத்தினை உதாரணமாகக் கொள்வோம். அதன் பெயர் இங்கு வேண்டப்படுவதன்று. ஏனெனில் இவ்வுதாரணம் பல நிலையங்களுக்கும் பொருந்தும். அங்கே பழைய கூட்டக்குறிப்புப் புத்தகங்கள், விளையாட்டுப் போட்டிப் புகைப்படங்கள், அந்தியேட்டி நாளில் வழங்கப்பட்ட கல்வெட்டு என்னும் நினைவுமலர்கள், வாசிகசாலைக் காணி பற்றிய கடிதங்கள் முதலியன இருந்தன. 1995ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் திகதி வலிகாமமே பெயர்ந்து தென்மராட்சி நோக்கி நடந்தபோது, அவற்றுட் சில தலைச்சுமையாகச் சென்று திரும்பி வந்தவை. இவ்வளவு இடர்களையும் கடந்து எஞ்சிய அத்தாள்களை இளைஞர் சிலர் விடுமுறைக் காலத்திலே ஸ்கான் செய்தனர். அவர்களது நோக்கம் நன்றே, உழைப்பும் மெய்யானதே. ஆயின் விளைவு யாது? கணினியில் 'ஸ்கான் 0001' முதலாக எண்கள் வரிசையாக நின்றன. வேறொருவர் தமது தொலைபேசியால் எடுத்த படங்களும் அதே பெயர்களுடன் வந்து சேர்ந்தன. இரண்டையும் ஒரே உறையில் இட முயன்றபோது, 'இப்பெயரில் ஏற்கெனவே ஒரு கோப்பு உண்டு, மாற்றீடு செய்யவா?' எனக் கணினி வினவிற்று. 'ஆம்' என்னும் பொத்தான் அழுத்தப்பட்டது. முதற்றொகுதியின் பெரும்பகுதி அக்கணமே மறைந்தது. மூலத்தாள்களோ, ஸ்கான் செய்தாயிற்று என்னும் துணிவினால் கவனிப்பாரற்றுக் கிடந்து கறையானுக்கு இரையாயின. பின்னர் வாசிகசாலைக் காணியின் எல்லை பற்றிப் பிணக்கு எழுந்தபோது, அக்காணி நன்கொடையாக வழங்கப்பட்ட கூட்டத்தின் குறிப்பு வேண்டியதாயிற்று. அது எஞ்சிய கோப்புகளுள் இருக்கின்றதா, மறைந்தவற்றுள் இருந்ததா என்று சொல்வதற்கு இன்று எவராலும் இயலவில்லை. கூட்ட நாளைச் சொல்லக்கூடியவராயிருந்த முதியவர் அதற்கு முன்னரே காலமாகிவிட்டார்.

இதனை யாரோ சிலரின் அசட்டை எனக் கூறி ஒதுக்கிவிடலாகாது. புதிர்ப்பெயர்கள் தாமாகப் பிறப்பதில்லை. அவற்றுக்குக் காரணங்கள் உள. அக்காரணங்களை அறியாதிருப்பதே எமது முதற்குறை.

டொஸ் என்னும் பழைய இயங்குமுறையில் ஒரு கோப்பின் பெயர் எட்டு எழுத்துக்கும், அதன் வகையைக் காட்டும் ஒட்டு மூன்று எழுத்துக்கும் மேற்படலாகாது. எட்டு எழுத்துக்குள் மனித மொழி அடங்காது; ஆதலாற் சுருக்கக்குறிகள் பெருகின. 1995ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்தில் வெளிவந்த வின்டோஸ் 95 அக்கட்டை அவிழ்த்து, 255 எழுத்து வரை இடங்கொடுத்தது. ஆயினும் எண்ணிமக் கமராக்கள் அவ்விடுதலையை ஏற்கவில்லை. 1998இல் யப்பானில் வகுக்கப்பட்ட நியமத்தின்படி, கமராவின் படப்பெயர் நான்கு எழுத்தும் நான்கு இலக்கமுமாக அமைதல் வேண்டும். அவ்விலக்கம் 9999ஐ அடைந்ததும் மீண்டும் 0001இலிருந்து தொடங்கும். எனவே ஒரே கமராவில் எடுக்கப்பட்ட இருவேறு திருமணங்களின் படங்கள் ஒரே பெயரைப் பெறுவது இயல்பே. வட்ஸ்அப் வழியாக வரும் படத்தின் பெயரில் ஒரு திகதி காணப்படும். அத்திகதி படம் அனுப்பப்பட்ட அல்லது பெறப்பட்ட நாளேயன்றி எடுக்கப்பட்ட நாளன்று. போதாக்குறைக்கு, கமரா படத்தினுள்ளே பதிந்துவைத்த நாள், நேரம் முதலிய குறிப்புகளையும் அவ்வழி களைந்துவிடும். 1962இல் எடுக்கப்பட்ட ஒரு குடும்பப்படம் 2019ஆம் ஆண்டுத் திகதியோடு எமது கைக்கு வருகின்றது. பெயர் இல்லாதிருப்பதனினும் பொய்ப்பெயர் கொடிது.

இவை உலகப் பொதுவான இடர்கள். தமிழருக்கே உரிய இடர் ஒன்றும் உண்டு. யாழ்ப்பாணத்திலே நெடுங்காலம் வழங்கியது பாமினி என்னும் எழுத்துரு. கணினி உண்மையிற் சேமித்து வைப்பது ரோமன் எழுத்துகளையே. பாமினி அவற்றின்மேல் தமிழ் உருவங்களைப் போர்த்திக் காட்டும். கோப்பின் பெயரைக் காட்டும் இடத்தில் அப்போர்வை இல்லை. மைக்ரோசொப்ட் வேர்ட் என்னும் மென்பொருளோ, ஆவணத்தின் முதல் வரியிலிருந்து ஒரு பெயரைத் தானே முன்மொழியும். அதனை அப்படியே ஏற்றுச் சேமித்தால், பண்டத்தரிப்பு எனத் தொடங்கும் கடிதம் 'ஜி, இசெட், அரைப்புள்ளி, எல், ஜே' என்று தொடரும் எழுத்துக்கூட்டமாகப் பெயர்பெறும். தமிழ் என்பது 'ஜே, கே, பி, ஓ, அரைப்புள்ளி' ஆகும். இத்தகைய பெயர்களைக் கண்டு 'வைரஸ் புகுந்த கோப்பு' என எண்ணி அழித்துவிடுவோரும் உளர்.

இன்னுமொன்று. வின்டோஸ் இயங்குமுறை கோப்பின் பெயரில் ஒன்பது குறிகளை அனுமதிப்பதில்லை. அவற்றுள் ஒன்று கணிதத்திலே 'சிறியது' என்பதைக் குறிக்கும் கூரிய அடையாளம். பாமினியில் 'ஈ' என்னும் எழுத்து அமர்ந்திருப்பது அவ்வடையாளத்தின் இடத்திலேயே. ஆகவே பாமினி விசைகளைக் கொண்டு 'ஈழம்' என்றோ 'ஈழநாடு' என்றோ ஒரு கோப்புக்குப் பெயரிட முடியாது. தீயினால் எரிந்த பத்திரிகையின் பெயரைத் தட்டெழுதிச் சேமிக்கப்போனால், இயந்திரம் அதனை ஏற்க மறுக்கும். இதில் எவருடைய சதியும் இல்லை. எமக்காகச் செய்யப்படாத கருவியை ஆராயாமற் கைக்கொண்டதன் பலன் இது.

யுனிகோட் வந்தபின் இவ்விடர்கள் யாவும் தீர்ந்துவிட்டன என்பாரும் உளர். பெரும்பாலானவை தீர்ந்தன என்பது மெய்யே. யாவும் தீர்ந்தன என்பது மெய்யன்று. 'ஔவை' என எழுதுவோர் ஒருசாரார். ஒகரத்தையும் ளகரத்தையும் அடுத்தடுத்து இட்டு 'ஒளவை' என எழுதுவோர் மற்றொருசாரார். கண்ணுக்கு இரண்டும் ஒன்று. தேடும் கணினிக்கு இரண்டும் வேறு. 'கொ' என்னும் எழுத்தின் கொம்பையும் காலையும் ஒரே குறியீடாகவும் சேமிக்கலாம். இரண்டாகப் பிரித்தும் சேமிக்கலாம். ஒருவகையிற் சேமித்ததனை மறுவகையில் தேடினால், 'கோப்பு இல்லை' என்னும் விடை கிடைத்தலும் கூடும். கோப்பு அங்கேயேதான் இருக்கும்.

இனி, பெயரிடும் கலை எமக்குப் புதியதன்று என்பதனை நோக்குதல் தகும். சங்கச் செய்யுள்களைத் தொகுத்தோர் எதிர்நோக்கிய இடரும் இதுவே. பாடல் கையில் உண்டு. பாடியவர் பெயர் மறைந்துவிட்டது. அவர்கள் 'பாடல் 0040' என இலக்கமிட்டு அமைந்துவிடவில்லை. பாடலினுள்ளே புகுந்து, வேறெப்பாடலிலும் இல்லாத தனித்துவமான தொடரைக் கண்டெடுத்து, அதனையே புலவருக்குப் பெயராக்கினர். செம்புலப்பெயனீரார், அணிலாடு முன்றிலார், ஓரேருழவனார், மீனெறி தூண்டிலார் என நாம் இன்று போற்றும் பெயர்கள் அவ்வாறு பிறந்தவையே. அப்பெயரைக் கேட்ட மாத்திரத்தே பாடல் நினைவுக்கு வரும். பாடலை நினைத்த மாத்திரத்தே பெயர் வரும். கோப்புக்குப் பெயரிடுவோன் இதனினும் சிறந்த இலக்கணத்தை எங்கே கற்கப்போகின்றான்? புறநானூற்றுப் பாடல்களின் அடியிலே திணை, துறை, பாடினோர், பாடப்பட்டோர் என நிற்கும் குறிப்புகளை மாணவராகிய நாம் பரீட்சைக்காக மனனம் செய்கின்றோம். அவை இல்லையேல் எமது பண்டைய வரலாறு எத்துணைக் குன்றிப்போயிருக்கும் எனச் சிந்திக்க வேண்டும்.

ஏட்டுச் சுவடிகளும் இதற்குச் சான்று பகரும். கட்டின் முதலேடும் கடையேடும் வெளியே நிற்பதால் அவையே முதலிற் சிதையும். பதிற்றுப்பத்தின் முதற்பத்தும் பத்தாம் பத்தும் இன்று எமக்குக் கிட்டாமையை இதனோடு வைத்து எண்ணிப் பார்க்கலாம். நூற்பெயரும் எழுதியவன் பெயரும் நிற்பது பெரும்பாலும் இவ்விரு முனைகளிலேயே. ஏடெழுதியோர் ஆண்டைக் குறித்தது அறுபதாண்டு வட்டத்தைக் கொண்டு. பிரபவ எனக் கண்டால் அது 1867ஆகவும் இருக்கலாம், 1927ஆகவும் இருக்கலாம், 1987ஆகவும் இருக்கலாம். கமராவின் 9999க்கும் இவ்வட்டத்துக்கும் அடிப்படையில் வேறுபாடில்லை: இரண்டும் சுழன்று தொடங்கிய இடத்துக்கே வருவன. ஆனால் ஏடெழுதினோன் அதனோடு அமையவில்லை. மாதம், திகதி, கிழமை, நட்சத்திரம் ஆகியவற்றையும் சேர்த்து எழுதினான். அவற்றைப் பொருத்திப் பார்த்து எந்தப் பிரபவ என்பதனை ஆராய்ச்சியாளர் இன்று கணித்துவிடலாம். எழுத்தாணி பிடித்த கை தந்த திறவுகோல்களை, ஆயிரம் மடங்கு ஆற்றலுள்ள கருவியைப் பிடித்த எமது கை தரவில்லை.

யாழ்ப்பாணத்துக் காணி உறுதியை எடுத்துக்கொள்வோம். ஒரு சிறுதுண்டு நிலத்தைக் குறிப்பதற்கு அது எத்துணை வருந்துகின்றது! இறை என்ன, காணியின் பெயர் என்ன, எத்தனை பரப்பு, எத்தனை குழி, கிழக்கெல்லை யாருடைய காணி, வடக்கெல்லை எந்த ஒழுங்கை, மேற்கும் தெற்கும் யாவை, உள்ள மரமும் கிணற்றுப் பங்கும் எவை, நொத்தாரிசு எவர், உறுதியின் இலக்கமும் திகதியும் யாவை என ஒன்றும் விடாது எழுதப்பட்டிருக்கும். ஒரு துண்டு நிலத்தை உலகின் பிற நிலங்கள் யாவற்றினின்றும் வேறுபிரித்துக் காட்டுதலே அதன் நோக்கம். அத்தகைய உறுதியை ஸ்கான் செய்து, வெளிநாட்டிலிருக்கும் பேரன் 'புதிய உறை' என்னும் உறையில் 'ஸ்கான் 0007' எனச் சேமிக்கின்றான். நான்கு எல்லையும் சொல்லிக் காத்த நிலம் எல்லையற்ற குப்பைக்குட் புதைகின்றது.

இனி எதிர்வாதங்களை எடுத்துக்கொள்வோம். முதலாவது, 'தேடல் இயந்திரமும் செயற்கை நுண்ணறிவும் வந்துவிட்டன, பெயர் எதற்கு? கோப்பின் உள்ளடக்கத்தை இயந்திரமே வாசித்துக் கண்டுபிடித்துத் தரும்' என்பது. அச்செழுத்தைப் பொறுத்தவரை இதில் உண்மை உண்டு. தமிழ் அச்சை வாசிப்பதிற் கணினி இன்று நல்ல தேர்ச்சி அடைந்துள்ளது. ஆனால் எமது ஊர்களின் பெறுமதிமிக்க ஆவணங்கள் கையெழுத்திலும் புகைப்படத்திலுமே உள்ளன. மங்கிய மையில் எழுதப்பட்ட கூட்டக்குறிப்பை வாசிக்க அவ்வியந்திரம் இன்னும் இடர்ப்படுகின்றது. வாசிக்கக் கற்றுக்கொண்டது என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும், தாளில் எழுதப்பட்டதை மட்டுமே அது வாசிக்கும். விளையாட்டுப் போட்டிப் படத்திலே இரண்டாம் வரிசையில் மூன்றாவதாக நிற்பவர் எவர் என்பது படத்தில் எங்கும் எழுதப்படவில்லை. அது பண்டத்தரிப்பிலே எண்பது வயதான ஒருவரின் நினைவில் மாத்திரம் இருக்கின்றது. அந்நினைவைத் தேடித்தரும் இயந்திரம் இன்றுவரை செய்யப்படவில்லை. அவர் இருக்கும்வரை கேட்டு எழுதலாம். அவருக்குப்பின் அப்படத்தில் இருப்பவர்கள் அந்நியரே.

இரண்டாவது, 'இலக்கம் போதும்' என்னும் வாதம். இது மேற்சொன்னதனினும் வலியது. 2005இல் தொடங்கப்பட்ட நூலகம் எண்ணிம நூலகம் ஒவ்வோர் ஆவணத்துக்கும் ஒரு நூலக எண்ணை வழங்குகின்றது. அம்முறை செவ்வனே இயங்குகின்றது. ஆயின் அங்கே எண் தனித்து நிற்பதன்று. ஒவ்வோர் எண்ணுக்கும் எதிரே நூற்பெயர், ஆசிரியர், வெளியீட்டு ஆண்டு, பக்கம் முதலிய விபரங்களைக் கொண்ட பதிவொன்று உண்டு. பதிவேடு உள்ள இலக்கம் பெயரை ஒக்கும். பதிவேடற்ற இலக்கம் பூட்டுத் தொலைந்த சாவியை ஒக்கும். எமது நிலையங்களும் குடும்பங்களும் நூலகம் நிறுவனத்திடமிருந்து இலக்கத்தைக் கற்றுக்கொண்டன, பதிவேட்டைக் கற்றுக்கொள்ளவில்லை.

மூன்றாவது, 'ஆங்கில எழுத்திற் பெயரிடுவோம். எங்கும் செல்லும்' என்பது. இவ்வாதத்துக்குப் பண்டத்தரிப்பே விடை. சொல்லைப் பிரித்து நோக்கின், பண்டம் தரிக்கும் இடம் எனத் தமிழிலே தெளிவாகப் பொருள்படும் பெயர் இது. ஒல்லாந்தப் போதகர் பல்தேயஸ் 1672இல் வெளியிட்ட நூலில் இவ்வூர்த் தேவாலயத்தை ஒல்லாந்த எழுத்துக்கூட்டலிற் குறித்தார். 1820இல் இங்கே வைத்தியப் பணி தொடங்கிய டொக்டர் ஜோன் ஸ்கடரும் அவரைச் சார்ந்த அமெரிக்க மிஷனரிமாரும் 'பண்டிதெரிப்போ' என ஒலிக்குமாறு எழுதினர். இன்றைய பெயர்ப்பலகைகளிலும் கடிதத் தலைப்புகளிலும் 'தெ', 'த', 'ரி', 'ரு' ஆகிய ஒலிகளுக்குரிய ரோமன் எழுத்துகள் மாறிமாறி வருகின்றன. அமெரிக்க மிஷனின் பழைய கடிதங்கள் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தின் ஹௌட்டன் நூலகத்திற் பேணப்படுகின்றன. எமது ஊரின் பத்தொன்பதாம் நூற்றாண்டு வரலாற்றை ஆராய விழையும் மாணவி இன்றைய எழுத்துக்கூட்டலைக் கொண்டு தேடினால், 'பெறுபேறு இல்லை' என்னும் விடையையே பெறுவாள். ஊர் தொலையவில்லை, கடிதமும் தொலையவில்லை, இரண்டுக்கும் இடையேயுள்ள பெயர் தொலைந்தது. ஆகவே ஊர்ப்பெயரையும் ஆட்பெயரையும் தமிழ் எழுத்திலே ஒரே வடிவில் எழுதுவதும், பிறமொழி வடிவங்கள் யாவற்றையும் பதிவேட்டில் அருகே குறித்து வைப்பதுமே முறையாகும்.

நான்காவது, 'நேரமில்லை' என்பது. எதிர்வாதங்களுள் மிகவும் பலவீனமானது இதுவே. ஆயின் செயலில் வெல்வதும் இதுவே. ஸ்கான் செய்யும்போது ஒரு பெயர் இடுவதற்கு அரை நிமிடம் செல்லும். இடாது விட்ட பெயரைப் பத்தாண்டின் பின் கண்டுபிடிப்பதற்கு எத்தனை மாலைப்பொழுதுகள் செல்லும் என்பதனை மேற்குறித்த நிலையத்தினரைக் கேட்டறியலாம்.

உண்மையிலே நேரமின்மை இங்கு காரணமன்று. எதனை மதிக்கின்றோம் என்பதே காரணம். எண்ணிமப்படுத்தும் திட்டங்கள் தமது சாதனையைப் பக்கக் கணக்கில் அறிவிக்கின்றன. நிதி வழங்குவோரும் பக்கக் கணக்கையே வினவுகின்றனர். விழா மேடையில் இத்தனை ஆயிரம் பக்கங்கள் என்றதும் கைதட்டல் எழுகின்றது. அவற்றுள் எத்தனை பக்கங்களை மீண்டும் எடுத்துத் தர முடியும் என ஒருவரும் கேட்பதில்லை. ஸ்கான் செய்பவனுக்கு நாட்கூலி உண்டு. பெயரும் பதிவும் எழுதுபவனுக்குத் திட்டத்தில் இடமே இல்லை. உடலால் வேலை செய்பவனை இழிவாகவும் எழுதுபவனை உயர்வாகவும் கருதிய பழைய சமுதாயம், எழுத்து வேலைக்குள்ளேயும் ஒரு மேல் கீழ் வகுத்து, அட்டவணை செய்வோனைக் கீழே இருத்தியது. ஆராய்ச்சிக் கட்டுரை எழுதுபவர் பேராசிரியராவார். அக்கட்டுரைக்கு வேண்டிய ஆவணத்தை ஒழுங்குபடுத்தியவர் அடிக்குறிப்பிற்கூட இடம் பெறமாட்டார். இம்மனப்பான்மை மாறாதவரை எத்துணை நவீன இயந்திரத்தை இறக்கினாலும் பயனில்லை.

அரச அலுவலகங்களின் நிலையும் இதற்கு விலக்கன்று. 'கோவை காணவில்லை, பிறகு வாருங்கள்' என்னும் வாசகத்தைக் கேளாத குடிமகன் இந்நாட்டில் அரிது. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலுக்கான உரிமைச் சட்டம் அதன் 7ஆம் பிரிவில், ஒவ்வொரு பகிரங்க அதிகாரசபையும் தனது பதிவேடுகளை முறையாக அட்டவணைப்படுத்தியும் சுட்டியிட்டும் பேணுதல் வேண்டும் என விதிக்கின்றது. சட்டத்தை ஆக்கியோர் ஓர் உண்மையை உணர்ந்திருந்தனர்: அட்டவணை இல்லாத இடத்திலே தகவலுக்கான உரிமை வெறும் ஏட்டுச்சுரைக்காயே. கோவையைக் காணவில்லை என்னும் விடை, கோவையைத் தர மறுக்கின்றோம் என்னும் விடையினும் வலியது. மறுப்புக்கு மேன்முறையீடு செய்யலாம். காணாமைக்கு எங்கே முறையிடுவது? பெயரின்மை அதிகாரத்துக்கு வசதியானது என்பதனை நாம் மறக்கலாகாது. ஆனால் எமது சொந்த வாசிகசாலையிலும் சொந்த வீட்டிலும் அதே பெயரின்மையை வளர்த்துக்கொண்டு, அலுவலகத்தை மாத்திரம் கண்டிப்பது நேர்மையாகாது.

பல்கலைக்கழகமும் இப்பழியிற் பங்குகொள்ள வேண்டியதே. கலைப்பீட மாணவர் வயலாய்வுக்குச் சென்று முதியோரின் குரலைப் பதிவுசெய்து வருகின்றனர். நாட்டார் பாடல், இடப்பெயர்வு அனுபவம், தொழில்சார் வழக்குச் சொற்கள் எனப் பொருள் பலவாக இருந்தாலும், ஒலிப்பதிவின் பெயர் 'குரல் 001' என்பதே. ஆய்வேடு சமர்ப்பிக்கப்பட்டுச் சித்தி கிடைத்தபின் அக்குரல்கள் எங்கே? பழைய தொலைபேசியோடு போயின. ஆண்டுமலர்களுக்கு வரும் ஆக்கங்களையும் நோக்குக: 'கட்டுரை', 'புதிய கட்டுரை', 'இறுதி', 'இறுதி இரண்டு', 'திருத்திய இறுதி' என்னும் பெயர்களோடு வருகின்றன. பத்து மாணவரின் பத்துக் கட்டுரைகளும் 'கட்டுரை' என்றே நிற்க, இதழாசிரியர் படும்பாடு சொல்லுந்தரமன்று. எழுதியவன் தன் படைப்புக்கு இட மறுத்த பெயரை வேறு யார் இடுவார்?

ஆகவே செய்யத்தக்கது யாது? பெருநிதியும் பெருங்கட்டடமும் வேண்டியதில்லை. ஐந்து செய்திகள் போதும்: எப்போது, எங்கே, என்ன வகை, எதைப் பற்றி, எத்தனையாவது. ஆண்டினை முதலிலும் மாதத்தினை அடுத்தும் நாளினை இறுதியிலும் எழுத வேண்டும். அவ்வாறு எழுதினாற் கோப்புகள் தாமாகவே கால ஒழுங்கில் நிற்கும்; ஐந்தாம் மாதம் ஆறாம் திகதியா, ஆறாம் மாதம் ஐந்தாம் திகதியா என்னும் மயக்கமும் எழாது. இலக்கத்தை 1, 2, 10 என எழுதாது 001, 002, 010 என எழுத வேண்டும். இன்றேல் பல கருவிகள் பத்தினை இரண்டுக்கு முன்னர் நிறுத்திவிடும். உதாரணமாக, ஒரு கூட்டக்குறிப்பின் நான்காம் பக்கத்துக்கு '1958-03-16 பண்டத்தரிப்பு கூட்டக்குறிப்பு வாசிகசாலைக்காணி 004' எனப் பெயரிடலாம். திகதி தெரியாவிடின் பொய்த்திகதி இடாது, 'ஆண்டு தெரியாது' என எழுதுவதே அறமாகும்.

இரண்டாவதாக, ஒவ்வோர் உறைக்கும் ஒரு பதிவேடு வேண்டும். அதனைக் கணினியில் மாத்திரம் வைத்தலாகாது. ஒரு கொப்பியிலும் எழுதி வைக்க வேண்டும். இயந்திரம் பழுதுற்ற நாளிலும் கொப்பி பேசும். படத்திலுள்ளோர் பெயர், தாளைத் தந்தவர், மூலத்தாள் இப்போது இருக்கும் இடம் ஆகியன அங்கே இடம்பெற வேண்டும். காணி, குடும்பம் பற்றிய அந்தரங்கச் செய்திகள் வெளியே தெரியலாகாது என அஞ்சுவோர் அவற்றைப் பதிவேட்டில் மாத்திரம் எழுதி, அப்பதிவேட்டைப் பூட்டி வைக்கலாம். அவ்வச்சம் எழுதாமைக்குக் காரணமாகாது. பாமினியிற் பெயர்பெற்ற பழைய கோப்புகளையும் அழித்துவிடலாகாது. அவ்வெழுத்துக் கூட்டத்தை எழுத்துரு மாற்றியில் இட்டு, அதன் தமிழ்ப்பெயரை மீட்க வேண்டும்.

மூன்றாவதே தலையாயது. ஸ்கான் செய்ய இளைஞர் செல்லும்போது, அருகில் ஒரு முதியவரை இருத்த வேண்டும். இயந்திரம் இளைஞனுடையதாகலாம், பெயர் முதியவருடையது. 'இவர் யார், இது எந்த ஆண்டு, இந்த ஒழுங்கைக்கு அப்போது என்ன பெயர்' என வினவி, விடை கிடைத்த அக்கணமே எழுத வேண்டும். அவர் களைத்துவிட்டால் அன்றைக்கு ஸ்கானையும் நிறுத்த வேண்டும். பெயரோடு கூடிய ஐம்பது பக்கம், பெயரற்ற ஐயாயிரம் பக்கத்தினும் மேலானது.

97,000 நூல்களை எரித்தவர்களை வரலாறு குற்றவாளிக் கூண்டில் நிறுத்தியுள்ளது; அத்தீர்ப்பு மாறப்போவதில்லை. ஆனால் எரியாமல் எஞ்சியவற்றுக்கு யார் பொறுப்பு? இடப்பெயர்விலே அரிசியையும் விட்டு உறுதிப் பெட்டியைத் தலையிற் சுமந்து நடந்த தலைமுறை தன் கடமையைச் செய்தது. அத்தலைமுறை இன்றும் எம்மோடு இருக்கின்றது. திண்ணையில் இருந்துகொண்டு எவராவது வந்து கேட்கமாட்டாரா எனப் பார்த்திருக்கின்றது. அடுத்த விடுமுறைக்கு ஊர் செல்லும் ஒவ்வொரு மாணவனும் மாணவியும் ஒரு கொப்பியோடு அத்திண்ணைக்குச் செல்லட்டும். ஸ்கானரைப் பின்னர் எடுத்துச் செல்லலாம்.